மாப்பிள்ளையை வெளியே தள்ளிய பால்காய்ப்பு

விக்கிரமசிங்கபுரம்,
ஐப்பசி கடைசி வெள்ளி.

செந்தில்முருகனுக்கு அப்பா எழுதுவது.

நானும் உன் அம்மாவும் உடம்புக்கு ஒன்றும் இல்லாமல் இருக்கிறோம், அயர்லாந்துக் குளிரில் நீயும் அப்படியே இருக்க வேண்டும். இதை முதலில் எழுத வேண்டியது முறை, எழுதிவிட்டேன். இனி விஷயம். போன ஞாயிற்றுக்கிழமை உன் புதுவீட்டுப் பால்காய்ப்புக்கு வந்து நின்ற நம் வீட்டு மாப்பிள்ளையை, உன் கூடப்பிறந்த தங்கை பொன்செல்வியின் புருஷனை, நீ எல்லோரும் பார்க்க வெளியே தள்ளிக் கதவைச் சாத்தினாய். அது கம்ப்யூட்டருக்குள் இருக்கிற வீடு, கட்டை கட்டையாக அடுக்கிக் கட்டின விளையாட்டு வீடு என்று நீ சொல்வாய், சொல்லியும் விட்டாய். தள்ளப்பட்டவர் விளையாட்டு ஆள் இல்லை. அவர் பெயர் மணிராஜ், கங்கைகொண்டானில் ஒரு கம்பெனியில் ஷிப்ட் பார்க்கிறார், உன் தங்கை வயிற்றில் இருக்கிற பிள்ளைக்கு அப்பா. பந்தியில் இலை போட்டு உட்கார்ந்த ஆளைக் கையைப் பிடித்து எழுப்பினால் நம் பக்கத்தில் என்ன அர்த்தமோ அதுதான் நீ செய்ததற்கும் அர்த்தம். இதைப் போனில் சொல்லலாமே என்று கேட்காதே. போனில் நான் பேசும்போது நீ சரிப்பா சரிப்பா என்று சொல்லிக்கொண்டே மறுபக்கம் டைப் அடிப்பது எனக்குக் கேட்கும். அதனால்தான் மெயிலில் அனுப்புகிறேன். இதைப் போனில் தள்ளித் தள்ளிப் பார்க்காமல் அச்செடுத்து உட்கார்ந்து படி.

அந்த உலகத்தைத் தொடங்கியது யார் என்பதை நீ மறந்துவிட்டாய் போலிருக்கிறது. நீ அங்கே போன புதிதில் நம் பேச்சு சாப்பிட்டியா, சாப்பிட்டேன், மழை உண்டா, உண்டு என்பதோடு முடிந்துபோகும். நீ உன் நண்பர்களோடு இந்த விளையாட்டை ஆடுகிறாய் என்று பொன்செல்வி சொல்லித்தான் எனக்குத் தெரியும். நான் எட்டாம் வகுப்போடு நின்றவன், மில்லில் மோட்டாரோடு வருகிற தாள்களைப் பார்த்து இங்கிலீஷ் படித்தவன். அந்த இங்கிலீஷை வைத்துக்கொண்டே விளையாட்டை வாங்கிப் பழைய கம்ப்யூட்டரில் ஏற்றினேன், புது உலகம் ஒன்றைத் தொடங்கினேன், வெளியூரில் இருப்பவர்கள் உள்ளே வர வேண்டுமானால் நம் வீட்டு இணையப் பெட்டியில் ஒரு வழி திறந்துவிட வேண்டும் என்று கண்டுபிடித்தேன். கேபிள்காரன் இசக்கிதுரை வீட்டுக்கு வந்து, அண்ணாச்சி இதெல்லாம் நம்ம லைன்ல ஆவாது, ஒங்க வயசுக்குப் பேசாம டிவி பாருங்க என்றான். அவனை விட்டுவிட்டு அவன் முதலாளியிடம் போய் நின்று நம் இணைப்புக்குத் தனி எண் வாங்கிக்கொண்டு வந்தேன். முதல் ஞாயிறு நீ வந்தாய், மாப்பிள்ளை வந்தார், அவர் போனை வாங்கிப் பொன்செல்வியும் வந்தாள். போனில் ஆடுபவரும் கம்ப்யூட்டரில் ஆடுபவரும் சேர வேண்டுமென்றால் இரண்டிலும் ஒரே பதிப்பு இருக்க வேண்டும், மாப்பிள்ளையின் போன் தானாகப் புதுப்பித்துக்கொண்டு முன்னே போய்விடும், என் கம்ப்யூட்டர் பின்னால் நிற்கும், மாமா என்னை உள்ள விட மாட்டேங்கு என்று கூப்பிடுவார், நான் இறக்கி ஏற்றிச் சரிசெய்யும் வரைக்கும் பொறுமையாக இருப்பார். ஒரு தடவையும் முகம் சுளித்ததில்லை. அப்போதெல்லாம் நான் யாருக்கும் சட்டம் போட்டதில்லை. வந்தவர்கள் தோண்டினார்கள், கட்டினார்கள், ஒருத்தர் நட்ட மரத்தை இன்னொருத்தர் வெட்டினார்கள், சிரித்துக்கொண்டே சண்டை போட்டோம்.

இங்கே கரண்ட் போனால் உலகமும் சேர்ந்து அணைந்துவிடும், உள்ளே நிற்கிற அத்தனை பேரும் வெளியே விழுவார்கள். அதைக் காரணமாக வைத்து நீ, வாடகைக்கு ஒரு சர்வர் எடுத்து அங்கன மாத்திருவோம்ப்பா, எப்பவும் ஓடிக்கிட்டே இருக்கும் என்றாய். நான் ஒரு வார்த்தை கேட்கவில்லை, முழு உலகத்தையும் எடுத்து அனுப்பினேன். மகன் கைக்குத்தானே போகிறது என்று அனுப்பினேன். போன மறுவாரமே நீ வீட்டுக்காரன் ஆகிவிட்டாய். உள்ளே வர ஒரு எண், அந்த எண் உன் கையில், அதை நீ உன் ஆபீஸ் ஆட்களுக்குக் கொடுத்தாய், உன்னோடு படித்து உன்னோடு அதே ஊரில் வேலை பார்க்கிற கல்லிடைக்குறிச்சி வெங்கட்ரமணனுக்குக் கொடுத்தாய், எனக்குக் கொடுத்தாய். முதல் ஞாயிற்றில் இருந்து நம்மோடு நின்ற மாப்பிள்ளைக்குக் கொடுக்கவில்லை. மறந்துட்டேன்ப்பா என்றாய். அடுத்ததாக வெங்கட்ரமணன் எழுதினான் என்று ஒரு சட்டம் வந்தது. பிறர் கட்டியதில் கை வைக்கக் கூடாது, வைத்தால் வெளியேற்றப்படுவார். நான் தொடங்கின உலகத்தில் எனக்குச் சட்டம். அதையும் வாயை மூடிக்கொண்டு பொறுத்தேன், உன் அம்மா சாட்சி.

கடலைப் பார்க்க மலைமேல் நீ கட்டின வீட்டுக்குப் பால் காய்ச்ச வேண்டும் என்று சொன்னது நான்தான். நீ சிரித்தாய், ஆனால் சரி என்றாய். விளையாட்டில் பசு இருக்கிறது, வாளியில் பால் கறக்கலாம், அடுப்பு இருக்கிறது, வேறு என்ன வேண்டும். வீட்டுப் பெண்ணும் மாப்பிள்ளையும் முதலில் உள்ளே போய்ப் பால் வைக்க வேண்டும், அது நாம் எங்கே வீடு கட்டினாலும் உள்ள வழக்கம். அதனால் அந்த எண்ணை மாப்பிள்ளைக்கு நானே சொல்லி, ஞாயித்துக்கிழமை வந்திருங்க, நம்ம வீடுதான் என்றேன். இந்த வீட்டில் இதுவரைக்கும் நான் கூப்பிட்டால் போதுமாக இருந்தது. நாலரைக்கு ராகுகாலம் தொடங்கிவிடும், அதற்குள் முடிக்க வேண்டும் என்று நாலு மணிக்கு நேரம் குறித்தேன், உனக்கும் அது காலை நேரம், தோதாக இருக்கும். உன் அம்மா குளித்துவிட்டு கம்ப்யூட்டர் முன்னால் விளக்கேற்றி வைத்தாள். கங்கைகொண்டானில் பொன்செல்வியின் மாமியார் ஆறுமுகத்தாய் பாயசம் வைத்து, மாப்பிள்ளையின் அண்ணன் குடும்பத்தையும் வரச்சொல்லி, போனை டிவியோடு இணைத்து எல்லோரும் பாயில் உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தார்கள். உன் ஆபீஸ் ஆட்கள் வேடிக்கைக்கு வந்தார்கள், மாப்பிள்ளை வீட்டார் உறவாக வந்தார்கள். அந்த வித்தியாசம் உனக்குத் தெரியவில்லை.

மாப்பிள்ளை பால் வாளியோடு உள்ளே வந்தார். நானும் பின்னால் வந்தேன். வாசலில் நின்று பார்த்தால் அந்த வீட்டுக்குப் புறவாசல் இல்லை. பின்பக்கம் முழுக்கக் கண்ணாடிச் சுவர். முன்வாசலில் நுழைகிறவனுக்கு நேராகப் புறவாசல் தெரிய வேண்டும், அது இல்லாத வீட்டில் நம்மவர்கள் யாரும் பால் காய்ச்சிப் பார்த்ததில்லை, இந்த வீட்டையும் உன் தாத்தா வீட்டையும் நினைத்துப் பார். மாப்பிள்ளை, பின்சுவத்துல ரெண்டு கட்டையை எடுங்க, வாசல் இருக்கட்டும் என்று நான் எழுதினேன். நான்தான் எழுதினேன். இன்னொரு தடவை அந்த வீட்டைப் பார்த்தாலும் அதையேதான் எழுதுவேன். அவர் எடுத்தார். கண்ணாடி உடைந்தது. யாரு கண்ணாடியை ஒடைக்கது என்று நீ எழுதினாய். நான்தான் மச்சான், மாமா சொன்னாவ என்று அவர் பதில் எழுதினார். ஆகவே யாரென்று தெரியாது என்று நீ உன் அம்மாவிடம் சொன்னது பொய். தெரிந்துதான் தள்ளினாய். இந்த உலகத்தின் பொறுப்பாளர் உங்களை வெளியேற்றிவிட்டார், இனி நீங்கள் நுழைய முடியாது என்று அவர் வீட்டு டிவி நிறைய இங்கிலீஷில் எழுத்து வந்திருக்கிறது. அவர் அண்ணன் அதைச் சத்தமாக வாசித்து அர்த்தம் சொல்லியிருக்கிறார். பாயசத்தை அதுவரைக்கும் யாரும் கையில் எடுக்கவில்லையாம். இங்கே நீ தரையில் கிடந்த பால் வாளியை எடுத்து நீயே அடுப்பில் வைத்தாய், உன் ஆட்கள் கைதட்டுகிற பொம்மைப் படங்களைப் போட்டார்கள். நான் என்ன நடந்தது என்று எழுத எழுத நீ கண்ணாடியை அளந்துகொண்டு நின்றாய். நான் கம்ப்யூட்டரை அணைத்தேன். உன் அம்மா விளக்கை எடுத்துச் சாமி முன்னால் வைத்துவிட்டு அடுப்படிக்குப் போனாள்.

மறுநாள் போன் பண்ணி நீ சொன்ன நியாயங்களையும் எழுதிவிடுகிறேன், அப்பா விட்டுவிட்டார் என்று நீ சொல்லக்கூடாது. கண்ணாடி ஒடஞ்சா திரும்ப வராதுப்பா, எத்தனை நாள் மண்ணச் சுட்டு வச்சேன் தெரியுமா என்றாய். மணலைச் சுட்டால் கண்ணாடி, அந்தக் கடற்கரை முழுக்க மணல்தான். என் பெட்டியில் நான் சுட்டு வைத்த கண்ணாடி நிறைய இருக்கிறது, எடுத்துக்கொள், என்னைக் கேட்க வேண்டாம். எல்லாருக்கும் ஒரே ரூல்தானேப்பா, ஆபீஸ் ஆளுங்களுக்கு ஒண்ணு மாப்பிள்ளைக்கு ஒண்ணா என்றாய். வெங்கட்ரமணன் என் தோட்டத்து வேலியைப் பிடுங்கித் தன் குதிரைக்குக் கொட்டகை கட்டினானே, அன்றைக்கு அந்தச் சட்டம் எங்கே போயிருந்தது. நீ சொல்லாததை நான் சொல்கிறேன். மாப்பிள்ளை சின்னப் போனில் ஆடுகிறார், அவர் ஆள் சுவரில் முட்டுகிறது, குதிக்க வேண்டிய இடத்தில் விழுகிறது, உன் ஆட்கள் இது யார் என்று கேட்டார்கள், என் தங்கச்சி வீட்டுக்காரர் என்று சொல்ல உனக்கு நாக்கு வரவில்லை. உடைந்தது கண்ணாடி, உனக்கு வந்தது வெட்கம். இல்லை என்று எழுது பார்ப்போம்.

செவ்வாய்க்கிழமை உன் அம்மாவிடம், தடையை எடுத்துட்டேம்மா, அவரு எப்ப வேணா வரலாம், அப்பாட்ட சொல்லிரு என்றாயாம். சொல்லிவிட்டாள், கேட்டுக்கொண்டேன். தாழ்ப்பாளை எடுத்துவிட்டு நீ பேசாமல் உள்ளே போய் உட்கார்ந்துகொண்டால் அது கூப்பிட்டதாக ஆகாது. அவரிடம் நீ ஒரு வார்த்தை சொல்லவில்லை. அப்பா சொல்லிவிடுவார் என்று விட்டுவிட்டாய். நான் சொல்ல மாட்டேன். மாப்பிள்ளையை மனம் நோக வைத்தவன்தான் போய்க் கூப்பிட வேண்டும், அதுவும் பெண்ணின் அண்ணன் என்றால் வேறு யாரும் கூப்பிட முடியாது. நீயும் இதே வீட்டில் வளர்ந்தவன்தானே, உன் பெரிய மாமாவை, என் அக்கா புருஷனை, ஒரு கல்யாணத்தில் மூன்றாம் பந்தியில் உட்கார வைத்ததற்கு நான் நடந்து போய்த்தானே அழைத்து வந்தேன், உன்னையும் கையில் பிடித்துக்கொண்டு போனேனே.

நேற்றைக்கு முந்தின நாள் நானும் உன் அம்மாவும் பஸ் ஏறிக் கங்கைகொண்டான் போனோம். உன் அம்மா அதிரசம் சுட்டு எடுத்துக்கொண்டாள். ஆறுமுகத்தாய் வாசலுக்கு வந்து, வாங்க அண்ணாச்சி, வாங்க மதினி, ஒக்காருங்க என்றாள், தண்ணீர் கொடுத்தாள், காப்பி கொடுத்தாள், குறை சொல்ல இடமில்லாமல் எல்லாம் செய்தாள். அதிரசத் தூக்குவாளியை மட்டும் திறக்கவில்லை. அடுத்த மாதம் வளைகாப்பு வைத்துப் பொன்செல்வியை நம் வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு வருவதைப் பற்றி உன் அம்மா பேச்செடுத்தாள். ஆறுமுகத்தாய் சொன்னதை அப்படியே எழுதுகிறேன், படித்துக்கொள். மதினி, எங்களுக்குக் கூப்பிட்டா போகத் தெரியும், வெளிய போன்னா வரவும் தெரியும். பொண்ணு இங்கனயே பெத்துக்கிடட்டும். ஒங்க வீட்டுலயும் கண்ணாடி கிண்ணாடி கெடக்கும், பொண்டாட்டி பிள்ளையப் பாக்க எங்க ஆளு வந்து போவையில கை பட்டு ஒடஞ்சிரும்லா. உன் அம்மாவுக்குக் கண் நிறைந்துவிட்டது. மாப்பிள்ளை உள்ளே இருந்து, விடும்மா, மாமா என்ன செய்வாவ என்றார். பொன்செல்வி வாசல் நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றாள். ஏட்டி உள்ள போயி உக்காரு என்று நான் சொன்னதற்கு, நான் எங்கன உக்காரணும்னு இனி இவங்கதான்ப்பா சொல்லணும் என்றாள். கோபமாகச் சொல்லவில்லை. கோபமாகச் சொல்லியிருந்தால் நான் திட்டியாவது இருப்பேன்.

மாப்பிள்ளை பஸ் ஸ்டாப் வரைக்கும் எங்களோடு வந்தார். பைய நடங்க அத்தை என்று உன் அம்மா பையை வாங்கிக்கொண்டார். பஸ் வரும் நேரத்தில், மாமா, நீங்க கூப்பிட்டீங்கன்னுதான் வந்தேன், வீட்டுக்காரரு கூப்பிடலன்னு அங்கன வந்த பெறகுதான் தெரிஞ்சுது என்றார். ஞாயிற்றுக்கிழமை ஓவர்டைம் போட்டுக்கொண்டுவிட்டாராம், இனி ஆட நேரம் இருக்காதாம். நான் புது உலகம் ஒன்று இங்கேயே தொடங்கி அவரை மட்டும் கூப்பிட்டால் என்ன என்று பஸ்ஸில் வரும்போது நினைத்தேன், உன் அம்மாவிடம் சொன்னேன். அப்பனும் மவனும் ஆளுக்கொரு ஒலகம் வச்சுக்கிட்டா எம் பொண்ணு எதுக்குள்ள வருவா, ஒழுங்கா அவனுக்கு எழுதுங்க, ஆனா பிள்ளையத் திட்டாதீங்க, தூரத்துல கெடக்கான் என்றாள். முதல் பாதிக்குக் கட்டுப்பட்டு எழுதுகிறேன். மற்றப் பாதி என்னால் ஆகாது.

ஊர்ச்செய்தி எழுதும் மனநிலையில் நான் இல்லை, ஆனாலும் உன் அம்மா எழுதச் சொல்கிறாள். அணையில் தண்ணீர் திறந்திருக்கிறார்கள், ஆறு கலங்கலாகப் போகிறது, குளிக்கப் படியில் இறங்க விடவில்லை. எதிர்வீட்டு நீலாம்பாள் கண் ஆபரேஷன் முடிந்து கறுப்புக் கண்ணாடி போட்டுக்கொண்டு உன்னை விசாரித்தாள், அவனுக்கு என்ன, நல்லா இருக்கான் என்று சொல்லிவைத்தேன். மேல்தளத்தில் ஒழுகின இடத்தை அடைத்தாகிவிட்டது. நீ ஸ்வெட்டர் போடாமல் படம் எடுத்து அனுப்புகிறாய், அதை உன் அம்மா நாள் முழுக்கப் பார்த்துக்கொண்டிருக்கிறாள், போட்டுக்கொண்டு எடு. ரொட்டியைத் தின்றே காலத்தை ஓட்டாதே.

இனி செய்ய வேண்டியது. நீ முதலில் போன் பண்ண வேண்டியது மாப்பிள்ளைக்கு இல்லை, ஆறுமுகத்தாய்க்கு. அத்தை என்று கூப்பிட்டு, நான் செய்தது தப்பு என்று சொல்ல வேண்டும். கேம், ரூல், கண்ணாடி என்ற வார்த்தை எதுவும் அந்தப் பேச்சில் வரக்கூடாது. அவள் இரண்டு வார்த்தை கூடுதலாகச் சொல்வாள், கேட்டுக்கொள்ள வேண்டும். அதன் பிறகு மாப்பிள்ளையை வீடியோவில் கூப்பிடு, முகத்தைப் பார்த்துப் பேசு, மாப்பிள்ளை என்று கூப்பிட்டுப் பேசு, எண்ணை உன் வாயால் சொல்லி, எந்த ஞாயிறு அவருக்கு வேலை இல்லையோ அந்த ஞாயிறு வரச் சொல். மெசேஜ் அனுப்பினால் அனுப்பாததற்குச் சமம். வெங்கட்ரமணன் எழுதின சட்டத்தை வெங்கட்ரமணனே அழிக்க வேண்டும், அன்றைக்கு வந்து நிற்கவும் வேண்டும், அவனிடம் நான் சொன்னதாகவே சொல். உன் ஆபீஸ் ஆட்கள் வந்தால் வரட்டும், இவர் யார் என்பதை அவர்களுக்கு நீ இங்கிலீஷில் எழுதிக் காட்டு, நான் வாசித்துப் பார்ப்பேன். உலகத்தில் உனக்கு என்னென்ன அதிகாரம் உண்டோ அவை அத்தனையும் மாப்பிள்ளைக்கும் கொடு, எனக்கு வேண்டாம். நீ திரும்ப அடைத்து வைத்திருக்கிற கண்ணாடியை அப்படியே விட்டுவை, புறவாசலை அவர் கையால் எடுக்கட்டும், பாலை உன் தங்கை வைக்கட்டும், நீ அடுப்புப் பக்கம் போகாதே. பாயசம் இந்தத் தடவை நம் வீட்டில் இருந்து போகும், அதை வைப்பதும் கொண்டுபோவதும் உன் அம்மாவின் வேலை. பொன்செல்வி செய்ய வேண்டியது ஒன்றும் இல்லை, அவளைப் போனில் கூப்பிட்டு எனக்காகப் பேசு என்று கேட்டாயானால் நான் உன்னோடு பேசுவதை நிறுத்துவேன். கார்த்திகை பிறந்து முதல் வாரத்துக்குள் இது எல்லாம் நடக்க வேண்டும், வளைகாப்புக்கு நாள் குறிக்க அதற்கு மேல் தாமதிக்க முடியாது. என் பங்குக்கு, கம்ப்யூட்டர் இருக்கிற உள்ளறையைக் காலி செய்து, கம்ப்யூட்டரை முன்பக்கம் கொண்டுபோய் வைக்கிறேன், சுவருக்கு வெள்ளையடிக்கிறேன், ஜன்னல் பக்கம் கட்டிலைப் போடுகிறேன். கட்டில் போடுவது என் வேலை. அதில் உன் தங்கை வந்து படுப்பதற்கு வழி செய்வது உன் வேலை.

பாபநாசநாதர் உனக்கு நல்ல உடம்பையும் நல்ல புத்தியையும் கொடுக்கட்டும், இரண்டாவதை முதலில் கொடுக்கட்டும். ஆறுமுகத்தாய் சாயங்காலம் விளக்கு வைத்த பிறகுதான் போன் எடுப்பாள், உன் மதியத்தில் கூப்பிடு.

இப்படிக்கு,
உன் அப்பா,
ச. சங்கிலிபூதத்தான்.